பால் படாத அறை

லண்டன் விமான நிலையத்தை ஒட்டிய ஹவுன்ஸ்லோவில் விமானம் தலைக்கு மேலே போகும்போது பேச்சை நிறுத்திவிட்டு, அது போனபிறகு விட்ட இடத்திலிருந்து தொடர்வார்கள். சண்டை பிடிக்கிறவர்களும் அப்படித்தான். ரெய்னர்ஸ் லேனிலிருந்து தொழிலை இங்கே மாற்றிய புதிதில் பிறேமினிக்கு இது சிரிப்பாக இருந்தது. இப்போது அவளும் அந்த ஊர்க்காரி ஆகிவிட்டாள்.

அவளுடைய சொக்லேட் பட்டறை ஒரு டயர்க் கடைக்கும் விமானச் சாப்பாடு பொதி செய்கிற இடத்துக்கும் நடுவில் இருந்தது. வாசலில் 'பிறேமி பெல்ஜியன் சொக்லேட்' என்று பலகை. அதைப் பார்த்து வருகிறவர்கள் வெள்ளைத் தொப்பி போட்ட ஒரு தொந்திக்காரரைத் தேடுவார்கள். சொக்லேட் செய்கிறவர் இருக்கிறாரா என்று பிறேமினியிடமே கேட்பார்கள். நான்தான் என்றால், இல்லை, அந்தப் பெல்ஜியக்காரர் என்பார்கள். அதுவும் நான்தான் என்பாள். பொய்யில்லை. பிறந்தது யாழ்ப்பாணத்துச் சண்டிலிப்பாயில் என்றாலும் அவளுடைய கடவுச்சீட்டு பெல்ஜியத்தினுடையது. புருசன் குகதாசன் ஆரம்பத்தில் அதைக் கையோடு வைத்திருந்து, சந்தேகப்பட்டவர்களுக்கு எடுத்துக் காட்டிச் சிரிப்பான். இப்போது சிரிக்க நேரமில்லை. தொழில் பெருத்துவிட்டது.

பெருத்த கதை சின்னக் கதைதான். பெல்ஜியத்து அன்ட்வெர்ப்பில் ஒரு பெரிய தொழிற்சாலையில், பட்டியில் ஓடிவரும் சொக்லேட்டைப் பெட்டிக்குள் அடுக்குகிற வேலையில் சேர்ந்தவள் அவள். அங்கே மேற்பார்வையாளனாக இருந்த லூக், சனிக்கிழமைகளில் தன் வீட்டுக் குசினியில் பளிங்குக் கல்லின் மேல் சொக்லேட்டை ஊற்றி, இழுத்து, ஆறவிட்டுப் பதம் பிடிக்கச் சொல்லிக் கொடுத்தான். அவனுக்கும் தனியாகத் தொழில் செய்கிற ஆசை இருந்தது. லண்டனுக்கு வந்தபிறகு பிறேமினி வீட்டுக் குசினியில் தொடங்கினாள். பனங்கட்டியும் எள்ளும் வைத்த அவளுடைய சொக்லேட், நம்மவர் கலியாண மண்டபங்களில் பன்னீர்ச் செம்புக்குப் பக்கத்தில் இடம் பிடித்தது. பிறகு சனிக்கிழமைச் சந்தையில் ஒரு மேசை. பிறகு ஒரு கடைக்குப் பின்னால் சின்ன அறை. லூக்கும் அதற்குள் பெல்ஜியத்திலேயே மெக்கலன் பட்டணத்தில் சொந்தமாக ஓர் ஆலை போட்டிருந்தான். மூன்று பேர் வேலை செய்கிற ஆலை. அவனிடமிருந்துதான் கறுப்புச் சொக்லேட் மூட்டை மூட்டையாக அவளுக்கு வந்தது.

பால் இல்லாத சொக்லேட் பிறந்தது அந்தச் சந்தை மேசையில். ஒரு வெள்ளைக்காரத் தாயும் மகளும் வாராவாரம் வந்து பார்த்துவிட்டு வாங்காமல் போவார்கள். ஒருநாள் கேட்டபோது தாய் சொன்னாள், பால் ஒரு துளி பட்டாலும் பிள்ளைக்குத் தொண்டை அடைத்துவிடுமாம். பைக்குள் எப்போதும் அவசர ஊசி இருக்குமாம். பிறேமினி அந்த வாரம் வீட்டுக் குசினியையே கழுவித் துடைத்து, புதுச் சாமான் வாங்கி, பால் படாமல் கொஞ்சம் செய்து கொடுத்தாள். பிள்ளை வாயில் போட்டது. தாய் பிள்ளையின் உதட்டையும் கழுத்தையும் பார்த்துக்கொண்டே நின்றாள். பிள்ளை இன்னொன்று கேட்டபிறகுதான் தாய் மூச்சு விட்டாள்.

கதை ஊரெல்லாம் பரவி, நாடு முழுக்கக் கடை வைத்திருக்கிற ஒரு பெரிய நிறுவனத்தின் காதுக்கும் போனது. ஈஸ்டருக்குத் தங்கள் கடைகளில் வைக்கக் கேட்டார்கள். ஒரே நிபந்தனை, பால் என்ற பொருளே நுழையாத அறையில் அது செய்யப்படவேண்டும். அதற்காகத்தான் இந்தப் பெரிய இடம். உள்ளறைக்குள் போவதென்றால் வேறு செருப்பு, வேறு மேலங்கி. பால் விட்ட தேத்தண்ணி குடித்தவர்கள் வாய் கொப்பளித்துவிட்டுத்தான் கதவைத் தொடலாம். அந்த அறைச் சாமான் எல்லாவற்றுக்கும் நீலப் பிடி. மகள் துஷ்யா, நல்ல கம்பனி ஒன்றில் பார்த்த வேலையை விட்டுவிட்டு, அந்த நிறுவனத்தோடு பேசுகிற பொறுப்பைத் தலையில் போட்டுக்கொண்டாள்.

தை மாதத்தில் ஒரு நல்ல நாளில் புது இடத்தில் பால் காய்ச்சினார்கள். குகதாசனின் அண்ணன் சண்முகராசாதான் நாள் பார்த்தது, நேரம் பார்த்தது, முன்னின்று நடத்தியது. குகதாசனைப் பதினேழு வயதில் நாட்டை விட்டு வெளியே எடுத்துவிட்டவர் அவர். தகப்பன் இடத்தில் வைத்திருக்கிற மனிதர். அன்று காலை பிறேமினி பழைய அறையில் ஃபாரஸ்ட் கேட்டில் நடக்கிற கலியாணம் ஒன்றுக்கான பெட்டிகளைக் கட்டிக்கொண்டிருந்தாள். ஓடிப்பிடித்து வந்து சேர்ந்தபோது எல்லோரும் முன்னறையில் கடதாசிக் கோப்பைகளோடு நின்றார்கள். அவளுக்கும் ஒரு கோப்பை கிடைத்தது. சீனி கொஞ்சம் கூட. நின்றபடி குடித்துவிட்டு வேலையைப் பார்க்கப் போனாள்.

மாசி கடைசியில் சொக்லேட் கடைகளுக்குப் போய்விட்டது. வெள்ளிக்கிழமை துஷ்யா ஒரு கடையில் தட்டு நிறைய அடுக்கி வைத்திருந்ததைப் படம் எடுத்து அனுப்பினாள். பொதியின் முகத்தில் பெரிய எழுத்தில் 'பால் இல்லை'.

அந்த ஞாயிறு சண்முகராசா வீட்டில் கூழ்.

சண்முகராசாவின் மனைவி செல்வமலர் கூழ் காய்ச்சுகிறாள் என்றால் அது ஒரு சின்னத் திருவிழா. நண்டு, இறால், மரவள்ளி, பயத்தங்காய், பலாக்கொட்டை என்று முதல் நாளே ரெய்னர்ஸ் லேன் கடைகளைச் சல்லடை போட்டுவிடுவாள். வெளியே குளிரும் தூறலுமாக இருந்தது. கண்ணாடி அறைக்குள் ஹீட்டரைப் போட்டுக்கொண்டு வட்டமாக இருந்தார்கள். கூழின் ஆவியில் கண்ணாடியெல்லாம் வியர்த்தது.

"ஊத்து பிள்ளை, இன்னும் கொஞ்சம் ஊத்து," என்றாள் செல்வமலர். "நண்டுக் கால் அடியில கிடக்கும், நல்லாக் கலக்கி எடு. வேலை வேலையெண்டு உடம்பைப் பாராமத் திரியிறாய்."

"காணும் அக்கா," என்றாள் பிறேமினி. " உறைப்பு நல்லா இருக்கு."

"உறைப்பு இல்லாட்டி அது கூழோ?" என்றார் சண்முகராசா. மூக்கைத் துடைத்துக்கொண்டார். "தம்பி, நேற்றுக் கோயிலில கண்ட சனம் எல்லாம் உன்ர கதைதான். வெள்ளைக்காரன்ர கடையில எங்கட பெடியன்ர சொக்லேட்டாம் எண்டு. எனக்கு நெஞ்சு நிமிர்ந்துபோச்சு."

"பெடியனோ? ஐம்பத்தைஞ்சு வயசு," என்றாள் பிறேமினி. "அதோட சொக்லேட் செய்யிறது நான், பெரியத்தான்."

எல்லோரும் சிரித்தார்கள். சண்முகராசா இன்னும் சத்தமாகச் சிரித்தார்.

"ஓம், நீதான். நான் இல்லையெண்டு சொல்லேல்லை. ஆனா ஒண்டு சொல்லுறன், அண்டைக்குப் பால் பொங்கின பொங்கலைக் கண்டோடன எனக்குத் தெரியும், இனி உங்களைப் பிடிக்க ஏலாது எண்டு. என்ன செல்வம்?"

"உங்களுக்குப் பொங்கினது தெரியும். நான் பட்ட பாடு எனக்கெல்லோ தெரியும்," என்றாள் செல்வமலர். கரண்டியைச் சட்டிக்குள் விட்டுவிட்டு வசதியாக இருந்துகொண்டாள். "பிறேமி, உனக்குச் சொல்லேல்லை என்ன? பால் காய்ச்ச எண்டு வாங்கி வைச்ச புதுச் சட்டியைக் குசினி மேசையிலயே விட்டிட்டு வந்திட்டன். ஹவுன்ஸ்லோவில காரால இறங்கேக்கதான் நினைவு வந்தது. நல்ல நேரம் முடியப்போகுது. இவர் பாலுக்கு முதல் தான் கொதிக்கத் தொடங்கிட்டார்."

"பிறகு என்னத்தில காய்ச்சினியள் அக்கா?"

"தம்பிதானே ஓடிப்போய் எடுத்துக்கொண்டு வந்து தந்தவர். எங்கயோ கொளுக்கியில தொங்கினதாம். நீலப் பிடி போட்டது. ஒட்டின லேபல்கூட உரிக்கேல்லை. ஒருத்தரும் ஒண்டும் காய்ச்சாத சட்டி. அம்மாளாச்சி தந்த மாதிரி எண்டு நினைச்சன்."

பிறேமினி குகதாசனைப் பார்த்தாள். அவன் நண்டுக் காலைப் பல்லால் உடைத்துக்கொண்டிருந்தவன், அப்படியே வாயிலிருந்து எடுத்துத் தட்டில் வைத்தான். அவனுக்கும் அந்த நிமிசத்தில்தான் விளங்கியது என்பது அவன் முகத்தில் தெரிந்தது. அதுதான் அவளுக்கு இன்னும் பயமாக இருந்தது.

யாரையும் குற்றம் சொல்ல முடியாத பிழை இது. அந்தச் சட்டியில் யாராவது ஆட்டிறைச்சி காய்ச்சியிருந்தால் குகதாசன் அன்றைக்கே அதைத் தூக்கி வீசிவிட்டுப் புதிதாக வாங்கியிருப்பான். காய்ச்சியது பால். பால் பட்ட இடம் சுத்தமான இடம், பால் பட்ட சாமான் மங்களமான சாமான். கருவறையில் சாமியையே பாலால்தான் கழுவுகிறார்கள். பிறந்ததிலிருந்து அப்படிப் பழகிய மனம், பாலை ஓர் அழுக்கென்று எப்படி நினைக்கும்? சுவரில் ஒட்டியிருந்த விதிகளை எல்லாம் குகதாசனே வாசித்து விளங்கப்படுத்தியவன். ஆனாலும் அன்று அந்தச் சட்டியைக் கழுவி, கும்பிடுவதுபோல் திரும்ப அதே கொளுக்கியில் மாட்டிவிட்டான்.

"என்ன பிள்ளை, கூழ் ஆறுது," என்றாள் செல்வமலர்.

"வயிறு நிறைஞ்சுபோச்சு அக்கா," என்றாள் பிறேமினி. கோப்பை நிறைய இருந்தது.

இருவரும் சொல்லிக்கொண்டு காரில் ஏறினார்கள். துஷ்யா அந்தப் பேச்சுக்கு முன்பே தோழி வீட்டுக்குப் போவதாகச் சொல்லி ரெயிலில் போய்விட்டிருந்தாள். நோர்தோல்ட் தாண்டும்போது பிறேமினி கேட்டாள்:

"எந்தச் சட்டி? உருக்கினதை அள்ளி ஊத்துற சட்டியோ?"

"ஓம்."

"எங்க வைச்சுக் காய்ச்சினியள்?"

"முன்னுக்கு, ஒபிசிலதான். வேறை எங்க?" என்றான் குகதாசன். கண்ணாடியில் தூறலைத் துடைக்கிற வைப்பரை இன்னும் வேகமாக்கினான். "நான் நல்லாக் கழுவினனான் பிறேமி. வெந்நீர் விட்டு, சோப் போட்டு, தேய் தேயெண்டு தேய்ச்சனான்."

"எந்த ஸ்பொஞ்சால?"

முன்னறைத் தொட்டியில் ஒரே ஒரு மஞ்சள் ஸ்பொஞ்ச்தான் கிடக்கும். பால் சொக்லேட் சாமான் எல்லாம் அதால்தான் கழுவுவது.

"பிடி பூட்டின இடத்தில ஆணி இருக்கு. அதுக்குக் கீழ பால் போய்க் கருகினா கழுவுப்படாது. அந்தச் சட்டியாலதான் நான் செய்யத் தொடங்கின முதல் நாள் முழுக்க அச்சுக்கு ஊத்தினனான்," என்றாள் பிறேமினி. "என்ர கையால ஊத்தினனான்."

"ஒரு துளி. அதுவும் கழுவினாப் பிறகு. அதால ஒருத்தருக்கும் ஒண்டும் நடவாது."

"துளிதான் காணுமாம். அந்தத் தாய் அப்பிடித்தான் சொன்னவ."

"நீர் இப்ப என்ன செய்யப்போறீர்?"

"அவையளுக்குச் சொல்லவேணும். கடையில இருந்து எடுக்கச் சொல்லவேணும்."

குகதாசன் காரைப் பாதையோரம் நிறுத்திவிட்டான். பின்னால் வந்தவன் ஹோர்ன் அடித்துத் திட்டிக்கொண்டு போனான்.

"சொன்னா எங்களை விட்டிடுவினம். விளங்குதோ உமக்கு? இந்த ஒண்டை நம்பித்தானே அவ்வளவு பெரிய இடம் எடுத்தனாங்கள். பிள்ளை வேலையை விட்டிட்டு வந்து நிக்கிறாள். அதை விடும். அண்ணையை யோசியும். சாமிக்கெண்டு செய்ததால சனத்துக்கு நோய் வந்ததெண்டு கதை போனா, அந்த மனிசன் கோயில் வாசலில தலை காட்டுமோ? வெள்ளைக்காரர் என்ன சொல்லுவினம்? இவையள் தங்கட மூட நம்பிக்கையால சாப்பாட்டில நஞ்சு கலந்தவை எண்டு சொல்லமாட்டினமோ?"

"நஞ்சுதானே," என்றாள் பிறேமினி. "அந்தப் பிள்ளைக்கு அது நஞ்சுதானே."

குகதாசன் காரைக் கிளப்பி நேரே ஹவுன்ஸ்லோவுக்கு விட்டான்.

பட்டறைக்குள் போனதும் அவள் மேலங்கியைக்கூட மாற்றவில்லை. ஒவ்வொரு நாள் செய்ததிலும் சிலதை எடுத்து வைத்திருப்பது வழக்கம். நாளைக்கு யாராவது குறை சொன்னால் பார்ப்பதற்கு. அந்தப் பெட்டியைத் திறந்தாள். பால் இருக்கிறதா என்று பார்க்கிற குச்சிகளும் வைத்திருந்தாள். கொரோனாக் காலத்தில் எல்லோரும் மூக்குக்குள் விட்டுப் பார்த்தார்களே, அதே மாதிரி ஒரு சாமான். ஒரு கோடு வந்தால் நல்லது. இரண்டு வந்தால் பால். மேசை, கைபிடி, தரை எல்லாவற்றையும் முதலில் பார்த்துத்தான் வேலை தொடங்குவது. சட்டியைப் பார்க்க வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. லேபல் உரித்த புதுச் சட்டிதானே.

கடைசி நாள் செய்ததில் ஒன்றை உடைத்துக் கரைத்துக் குச்சியை வைத்தாள். இருவரும் குனிந்து பார்த்துக்கொண்டு நின்றார்கள். ஒரு கோடு.

"பாத்தீரோ!" என்றான் குகதாசன். கையைத் தட்டினான். "நான் சொன்னனானெல்லோ. ஒண்டும் இல்லை. விடும் இனி."

"இது கடைசி நாள். இவ்வளவு நாளும் ஊத்தி ஊத்தி அது கழண்டு போயிருக்கும். முதல் நாளைப் பாக்கவேணும்."

"ஏன் நீர் கஷ்டத்தைத் தேடிக்கொண்டு போறீர்?"

அவள் முதல் நாள் காலையில் ஊற்றியதை எடுத்தாள். உடைத்தபோது நல்ல சத்தம். பதம் அவ்வளவு சரியாக வந்திருந்தது. அந்த நிலைமையிலும் அவளுக்குள் ஒரு சின்னப் பெருமை எட்டிப் பார்த்தது, வெட்கம் கெட்ட பெருமை. கரைத்து, குச்சியை வைத்தாள்.

ஒரு கோடு அழுத்தமாக வந்தது. அதற்குப் பக்கத்தில் இன்னொன்று, இருக்கிறதோ இல்லையோ என்கிற மாதிரி.

"தெரியுதோ?" என்றாள்.

"இல்லை."

"வடிவாப் பாருங்கோ. இந்தா, இதில."

"அது நிழல். லைற் அடிக்கிறதால அப்பிடித் தெரியுது." அவன் குச்சியை வாங்கி யன்னல் பக்கம் பிடித்தான். திருப்பினான். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடியும் பார்த்தான். "எனக்கு ஒரு கோடுதான் தெரியுது. எனக்கு ஒண்டுதான் தெரியுது பிறேமி."

"ஏன் அப்ப கண்ணாடியைத் துடைச்சுத் துடைச்சுப் பாக்கிறியள்?"

குகதாசன் குச்சியை மேசையில் வைத்துவிட்டு முகத்தை இரண்டு கைகளாலும் மூடிக்கொண்டான். அவளுக்கு அவன்மேல் கோபம் வரவேண்டும். வரவில்லை. பாவமாகத்தான் இருந்தது. தன் மேலும் பாவமாக இருந்தது.

போனில் கூப்பிட்டதும் பட்டறைக்கு வந்த துஷ்யா, விசயத்தைக் கேட்டுவிட்டு இரண்டு குச்சிகளையும் எடுத்துப் பார்த்தாள். பிறகு அவள் மூளை வேலை செய்யத் தொடங்கியது. அவளுக்கு எப்போதும் அழுகைக்கு முதல் யோசனைதான் வரும்.

"ஓகே. சொல்லத்தான் வேணும் அம்மா. அதில நான் உங்களோட. ஆனா பால் எங்களாலதான் வந்ததெண்டு ஏன் சொல்லவேணும்? டார்க் சொக்லேட்டில சப்ளையர் பக்கத்தில இருந்து பால் வாறது எல்லா இடமும் நடக்கிற விசயம். கேட்டா உடன நம்புவினம். முதல் நாள் செய்த பட்சை மட்டும் திருப்பி எடுப்பினம். மிச்சம் கடையில இருக்கும். நாங்கள் ஹானஸ்டா வந்து சொன்னதெண்டு எங்களை மதிப்பினம்."

"சப்ளையர் எண்டா லூக்," என்றாள் பிறேமினி.

"அவருக்கு இன்சூரன்ஸ் இருக்கும்."

"அவனிட்ட மூண்டு பேர்தான் இருக்கினம் பிள்ளை. இப்பிடி ஒரு கதை போனா ஒருத்தரும் அவனிட்ட வாங்காயினம்."

"அப்ப எங்களிட்ட ஆர் வாங்குவினம்?" துஷ்யாவின் குரல் உயர்ந்தது. "நாங்கள் என்ன சொல்லுறது, பால் இல்லாத பக்டரியில பால் பொங்கவிட்டனாங்கள் எண்டோ? அம்மா, அவை சிரிப்பினம்."

குகதாசன் மகளைப் பார்த்தான். பிள்ளை சொல்வது சரி என்று சொல்ல வாயெடுத்தவன், மனைவியின் முகத்தைப் பார்த்துவிட்டு யன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான்.

"எடு, போனை எடு," என்றாள் பிறேமினி. "முதலில கடையில இருந்து எடுக்கச் சொல்லு. மிச்சத்தைப் பிறகு பாப்பம்."

ஃபியோனா என்பவள்தான் அந்த நிறுவனத்தில் இவர்களைப் பார்ப்பவள். ஞாயிறு என்றாலும் அவசரத்துக்கு என்று ஓர் இலக்கம் கொடுத்திருந்தாள். துஷ்யா போனை மேசையில் வைத்து, எல்லோருக்கும் கேட்கிற மாதிரிப் போட்டாள். மளமளவென்று பேசினாள். மகளின் ஆங்கிலம் பிறேமினிக்குக் கேட்கக் கேட்க எப்போதும் சந்தோசம். இந்த ஆங்கிலத்துக்காகத்தான் அன்ட்வெர்ப்பில் இருந்த வீட்டையும் வேலையையும் விட்டுவிட்டு, பிள்ளை இங்கே படிக்கட்டும் என்று மூட்டை கட்டிக்கொண்டு வந்தார்கள். சோதித்துப் பார்த்தோம், முதல் நாள் செய்ததில் பால் தெரிகிறது, உடனே உங்களுக்குச் சொல்கிறோம் என்று துஷ்யா சொன்னாள். நன்றாகத்தான் சொன்னாள். எப்படி வந்தது என்று தெரியுமா என்று ஃபியோனா கேட்டாள்.

"நாங்கள் நினைக்கிறோம், எங்களுக்கு மூலப்பொருள் அனுப்புகிற இடத்தில்..." என்று துஷ்யா தொடங்கினாள்.

பிறேமினி எழுந்து போனைக் கையில் எடுத்துக்கொண்டாள்.

"நான் பிறேமினி. சொக்லேட் செய்கிறவள்," என்றாள். அவளுடைய ஆங்கிலம் பெல்ஜியத்துப் பிளெமிஷ் மொழியில் ஒரு கால் வைத்து நடக்கிற ஆங்கிலம். "மகளுக்குத் தெரியாது. அனுப்புகிறவர் சரி. அவரில் பிழை இல்லை. பால் எங்களுடையது. எங்கள் வீட்டு ஆட்கள் பால் காய்ச்சினார்கள். அந்த அறைச் சட்டியில்."

"அம்மா!" என்றாள் துஷ்யா. மெதுவாகத்தான் சொன்னாள், ஆனால் அடி வாங்கியவளைப் போல.

"மன்னிக்க வேண்டும், சரியாக விளங்கவில்லை," என்றாள் ஃபியோனா. "ஏன் பால் காய்ச்சினார்கள்?"

"புது இடம்," என்றாள் பிறேமினி. "புது இடத்துக்குப் போனால் நாங்கள் பால் காய்ச்சுவோம். பொங்கவேண்டும். பொங்கினால் நல்லது நடக்கும்."

ஃபியோனா சிரிக்கவில்லை. சிரித்திருந்தால்கூடத் தாங்கியிருக்கலாம். அவள் குரல் மட்டும் மாறிவிட்டது. இதுவரை கூட்டாளியோடு பேசியவள், இப்போது வேலையைச் செய்கிறவளின் குரலில் சொன்னாள். முதல் நாள் செய்தது எல்லாவற்றையும் இன்று மாலைக்குள் தட்டுகளில் இருந்து எடுத்துவிடுவார்களாம். வாங்கியவர்களுக்கு அறிவித்தல் போகுமாம். மற்ற நாட்களில் செய்தவற்றை விடலாமா என்று முடிவெடுக்க இன்னும் சில விசயம் தெரியவேண்டும். யாருக்காவது சுகமில்லாமல் வந்ததாகத் தகவல் உண்டா?

"தெரியாது," என்றாள் பிறேமினி. அந்த ஒரு சொல்லைச் சொல்லும்போதுதான் அவளுக்குக் கண் கலங்கியது.

"சரி. பால் காய்ச்சிய இடம் எது? அந்த அறைக்குள்ளா, வெளியிலா?"

"வெளியே. முன்னறையில்."

"நிச்சயமாக? சட்டி மட்டும்தான் பாலோடு பட்டது, அறை படவில்லை?"

"நிச்சயமாக," என்று சொல்லி முடிப்பதற்குள், யன்னலோரம் நின்ற குகதாசன் தமிழில் சொன்னான்:

"முன்னறையில இல்லை."

பிறேமினி போனை நெஞ்சோடு அழுத்திக்கொண்டாள். "என்ன?"

"நான் உமக்குப் பொய் சொன்னனான். உள்ளறையிலதான் காய்ச்சினது. அண்ணை கிழக்கு மூலை வேணுமெண்டார். கிழக்கு மூலை அதுதானே. அடுப்பைத் தூக்கிக்கொண்டு போய் அந்த மேசையில வைச்சது நான்தான்."

"வழிஞ்சதோ?"

"வழிஞ்சது. அண்ணை அடுப்பைக் குறைக்க விடேல்லை. மேசையால இறங்கி, மெசினுக்குக் கீழயும் போனது. நீர் வாறதுக்கு முதல் நான் துடைச்சிட்டன்."

அன்று உள்ளறைத் தரை ஈரமாக இருந்தது பிறேமினிக்கு இப்போது நினைவு வந்தது. புது இடம், கழுவி விட்டிருக்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டு அதன் மேல் நடந்தாள்.

"அம்மா, ப்ளீஸ்," என்றாள் துஷ்யா. இப்போது அழுதுகொண்டிருந்தாள். "முதல் நாள் பட்சைத்தான் எடுக்கினம். மிச்சம் கிளீன், நீங்களே பாத்தனீங்கள். இதைச் சொல்லாதேங்கோ. இதைச் சொன்னா ஒண்டும் மிஞ்சாது."

நெஞ்சோடு அழுத்திய போனிலிருந்து ஃபியோனாவின் குரல் சின்னதாகக் கேட்டது. இருக்கிறீர்களா, இருக்கிறீர்களா என்று.

பிறேமினி குகதாசனைப் பார்த்தாள். அவன் வாயை மூடிக்கொண்டு நின்றிருக்கலாம். ஒருத்தருக்கும் தெரிந்திருக்காது. தெரிந்த அண்ணனும் அண்ணியும் அதை ஒரு குற்றமென்றே நினைக்காத மனிதர்கள். அவன் இப்போது யன்னலை விட்டு வந்து, மேசையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு அவளுக்குப் பக்கத்தில் நின்றான்.

"சொல்லும்," என்றான்.

அவள் போனைக் காதுக்கு எடுத்தாள்.

"நான் முன்னம் சொன்னது பிழை," என்றாள். "அறைக்குள்தான். பால் நன்றாக வழிந்தது. எல்லாவற்றையும் எடுத்துவிடுங்கள்."

"எல்லாவற்றையும் என்றால்?"

"முதல் நாளில் இருந்து. ஒன்றையும் விடவேண்டாம்."

ஃபியோனா, ஒரு நிமிசம், எழுதிக்கொள்கிறேன் என்றாள்.